குரல் மட்டும் போதுமா?

நடுவர் அவர்களே! எதிரணியிலே பேசிய அம்மையார், "ஒரு கலைஞரை உயர்த்துவது திறமையே, மன உறுதி அல்ல" என்று சொல்லி, கே.பி. சுந்தராம்பாளைச் சாட்சிக்கு அழைத்தார்கள். ஐயா, அது எங்கள் கட்சிச் சாட்சி! (கைதட்டல்)

1908-இல் கொடுமுடியிலே பிறந்தவர். வறுமையிலே ரயிலில் பாடிய சிறுமி, நாடக மேடைக்கு வந்தார். மைக் இல்லாத காலம். கொட்டகையின் கடைசியிலே நிற்கிறவனுக்கும் கேட்கணும். கேட்டது! இன்றைக்கு மைக் இருக்கு; நான் பேசுறது என் வீட்டிலேயே யாருக்கும் கேட்கலே. (சிரிப்பு)

ஆகவே, திறமை இல்லையென்று நான் சொல்லவில்லை. மேடையிலே அவருக்கு இணை செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பா, வாழ்க்கையிலும் அவரே. 1933 டிசம்பரில் கிட்டப்பா மறைந்தார். அம்மையாருக்கு வயது 25. வெள்ளைப் புடவை உடுத்தினார். மேடையை விட்டு ஒதுங்கினார்.

நடுவர் அவர்களே, இங்கேதான் கேட்கிறேன். அப்போதும் அந்தக் குரல் தொண்டையிலேதானே இருந்தது? திறமை எங்கேயும் போகவில்லையே! பிறகு ஏன் மௌனம்? மனசு எழுந்திருக்கலே ஐயா. அதனால் குரலும் எழுந்திருக்கலே.

மனசு எழுந்தது. எப்படி எழுந்தது? "ஆண்களுக்கு ஜோடியாக நடிக்க மாட்டேன்" என்ற நிபந்தனையோடு எழுந்தது! நந்தனார் படம் எடுக்க வந்தார்கள். 1935-இல் வெளிவந்த அந்தப் படத்திலே நந்தனாராகவே நடித்தார். சம்பளம் ஒரு லட்சம் ரூபாய். பவுன் என்ன விலை விற்ற காலம் என்று வீட்டிலே பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள்! படம் எடுக்க வந்தவர்கள், அந்தப் பெண்ணின் நிபந்தனைக்குக் கட்டுப்பட்டார்கள்.

சினிமாவிலே கதாநாயகிக்கு வயசாகவே கூடாது. ஆனால் 1953-இல், 45 வயதை நெருங்கும்போது, ஜெமினியின் 'ஔவையார்' படத்துக்கு இந்த அம்மையாரே நாயகி. டூயட் கிடையாது, நரைமுடியும் கைத்தடியும்தான். ஜனங்கள் திரண்டு வந்தார்கள். அறுபதைத் தொட்ட வயதிலே, 'துணைவன்' படப் பாட்டுக்காக 1969-ஆம் ஆண்டுக்கான தேசிய விருது, 1970-இல் பத்மஸ்ரீ. 1980-இல் மறையும்வரை அந்த வெள்ளைப் புடவை மாறவில்லை.

எல்லாரும் வெள்ளைப் புடவை உடுத்தணும் என்று நான் சொல்லவில்லை, சொல்லவும் கூடாது. அது அவர் எடுத்த முடிவு. இதைக் கேட்டுக்கொண்டிருக்கிற சகோதரிகளே, துக்கம் வந்த வீட்டிலே, "இனி உனக்கு என்னம்மா இருக்கு?" என்று நாலு பேர் கேட்பார்கள். உங்களுக்குத் தெரிந்த தையலோ பாட்டோ படிப்போ அதற்குப் பதில் சொல்லாது. அதைக் கையிலே எடுக்கத் துணிகிற மனசுதான் பதில் சொல்லும்.

குரல் கொடுமுடியிலே பிறந்தது. அதை ஊர் உலகத்துக்குக் கொண்டுவந்தது மன உறுதியே! தீர்ப்பை எங்கள் பக்கம் தாருங்கள்.