பழைய செடானுக்குப் பந்தயக் கார் தோற்றம்

திருவள்ளூரில் இருந்த இந்துஸ்தான் மோட்டார்ஸ் ஆலையிலிருந்து மிட்சுபிஷி லான்சர் கார் 1998-இல் வெளிவரத் தொடங்கியது. உலக ராலிப் பந்தயத்தில் தயாரிப்பாளருக்கான பட்டத்தை மிட்சுபிஷி வென்றதும் அதே ஆண்டில்தான். பின்லாந்தைச் சேர்ந்த டாமி மாக்கினென் 1996 முதல் 1999 வரை நான்கு ஆண்டுகள் தொடர்ந்து ஓட்டுநர் பட்டம் பெற்றதும் லான்சரின் பந்தய வடிவமான எவல்யூஷன் காரில். அந்தக் காலத்து ராலி விதிப்படி, போட்டியில் இறங்கும் காரைப் போலவே 2,500 கார்களைச் செய்து பொதுமக்களுக்கு விற்றாக வேண்டும். அகன்ற காற்றுவாய் உள்ள முன் பம்பரும், டிக்கியின் மேல் எழுந்து நிற்கும் விங்கும் கடைக்கு வரும் காரில் இடம்பிடித்தது இந்த விதியால்தான். சாதுவான குடும்பக் காரையும் அப்படி மாற்றிப் பார்க்கும் ஆசைக்கு இதுவே ஊற்று. லான்சருக்கு மட்டும் உரிய ஆசையும் அல்ல இது. 1999-இல் மறைமலை நகரில் பிறந்த ஃபோர்டு ஐகானும், இருங்காட்டுக்கோட்டையில் பிறந்த ஹூண்டாய் ஆக்சென்ட்டும், ஹோண்டா சிட்டியும் இந்த மாற்றத்துக்கு அதிகம் உள்ளாகும் பழைய செடான்கள்.

பாடி கிட் என்று கடையில் சொல்லப்படுவதில் பொதுவாக நான்கு உறுப்புகள் உண்டு: முன் பம்பர் அல்லது அதன் அடியில் ஒட்டும் லிப், கதவுகளுக்குக் கீழே ஓடும் சைடு ஸ்கர்ட், பின் பம்பர், டிக்கி மேல் ஸ்பாய்லர். முழு பம்பரையே மாற்றுவது ஒரு வகை. இருக்கும் பம்பரின் மேல் துண்டு சேர்ப்பது இன்னொரு வகை. செங்குத்தான வேகத்தடைகளும் தெருவில் தேங்கும் மழைநீரும் உள்ள புதுச்சேரி போன்ற ஊருக்கு இரண்டாவது வகையே நல்லது. அடிபட்டால் சிறு துண்டு மட்டும் போகும். காரின் அசல் பம்பர் பிழைக்கும்.

தேர்வில் முதலில் பார்க்க வேண்டியது அழகு அல்ல, அளவு. லான்சரே இதற்கு நல்ல சான்று. 1996-இல் வந்த எவல்யூஷன் 4-இன் அகலம் 1,690 மில்லிமீட்டர். சாதாரண லான்சரின் அகலமும் அதுவே. 1998-இல் வந்த எவல்யூஷன் 5-இன் அகலம் 1,770 மில்லிமீட்டர். சக்கரங்களை அகலமாக வைப்பதற்காக அதன் ஃபெண்டர்களே புடைத்துச் செய்யப்பட்டன. ஆகவே எவல்யூஷன் 5-இன் பம்பரைப் பார்த்து அச்செடுத்த கிட்டைச் சாதாரண லான்சரில் பொருத்தினால், இரு பக்கமும் 40 மில்லிமீட்டர் வெளியே துருத்தி நிற்கும். அந்த இடைவெளியை மறைக்கப் பட்டி போட்டு இழுப்பதும் ஃபெண்டரை வெட்டுவதும் வேலையை எல்லை மீறிக் கொண்டுபோய்விடும். ஒரே பெயரில் விற்ற கார்களிலும் ஆண்டுக்கு ஆண்டு விளக்கும் கிரில்லும் மாறியிருக்கும். அதனால் கிட் வாங்குவதற்கு முன் ஆர்.சி. புத்தகத்தில் உள்ள தயாரிப்பு மாதமும் ஆண்டும் கையில் இருக்க வேண்டும். சென்னை ஜெனரல் பேட்டர்ஸ் ரோட்டிலோ புதுப்பேட்டையிலோ வாங்குவதானால், முடிந்தவரை காரையே அங்கே கொண்டுபோய் வைத்துப் பார்ப்பது புதுச்சேரியிலிருந்து போகும் 150 கிலோமீட்டர் பயணத்துக்குத் தகுந்த பலன் தரும்.

அடுத்தது எந்தப் பொருளில் செய்த கிட் என்பது. இந்தியச் சந்தையில் மிகுதியாகக் கிடைப்பது ஃபைபர், அதாவது கண்ணாடி இழைப் பாயில் (மேட்) ஹார்ட்னர் கலந்த ரெசின் ஊற்றி அச்சில் இறுக வைத்தது. புதுச்சேரிக்கு இது புதிய பொருள் அல்ல. 2004 ஆழிப்பேரலைக்குப் பிறகு வீராம்பட்டினம், வைத்திக்குப்பம், நல்லவாடு கரைகளில் பெருகிய ஃபைபர் படகுகளும் இதே மேட், இதே ரெசின், இதே ஹார்ட்னர் கொண்டு செய்தவைதான். படகின் அடி கிழிந்தால் சுற்றிலும் தேய்த்து, மேட் வைத்து, ரெசின் தடவி ஒட்டுப்போடும் கைவேலை இந்தக் கரையில் நன்றாகத் தெரிந்த வேலை. விரிசல் விட்ட ஃபைபர் பம்பரையும் அப்படியே உள்பக்கத்திலிருந்து சரிசெய்யலாம். உடைந்தாலும் ஊரிலேயே மீட்கக்கூடியது என்பது ஃபைபரின் பெரிய பலம்.

அதன் பலவீனங்களும் வெளிப்படையானவை. அது வளையாது, அடிபட்டால் உடையும். பாலியெஸ்டர் ரெசின் இறுகும்போது சுருங்கும். அச்சிலிருந்து அவசரமாக எடுத்த பம்பர் முறுக்கிக்கொள்ளும். மலிவான கிட்டில் ஒரு முனை தடித்தும் மறு முனை காகிதம் போல் மெலிந்தும் இருப்பது வழக்கம். வெயிலுக்கு எதிரே பிடித்துப் பார்த்தால், மெலிந்த இடத்தில் வெளிச்சம் ஊடுருவும். திருகு ஏறும் இடங்களிலாவது கூடுதல் மேட் வைத்துத் தடித்திருக்கிறதா என்று விரலால் தடவிப் பார்த்தே வாங்க வேண்டும்.

ஏ.பி.எஸ். பிளாஸ்டிக் கிட் இயந்திர அச்சில் வருவதால் அளவு சீராக இருக்கும். ஃபைபரைவிட அடி தாங்கும். ஆனால் பெயிண்ட் இல்லாமல் வெயிலில் கிடந்தால் வெளிறி நொறுங்கும். பாலியூரிதேன் ரப்பர் போல வளையும். வேகத்தடையில் உரசினாலும் திரும்பப் பழைய நிலைக்கு வரும். ஆனால் எடை கூடுதல். தாங்கு புள்ளிகள் குறைவாக இருந்தால் வெயிலில் நாளடைவில் தொய்ந்துவிடும். கார்பன் ஃபைபர் என்ற பெயரில் மலிவாகக் கிடைப்பதில் பெரும்பாலும் மேலே ஒரு படலம் மட்டுமே கார்பன். உள்ளே சாதாரண ஃபைபர்தான். முன் லிப்புக்குப் பாலியூரிதேனும், சைடு ஸ்கர்ட்டுக்கு ஏ.பி.எஸ்.ஸும், கற்கள் படாத ஸ்பாய்லருக்கு ஃபைபரும் என்று கலந்து எடுப்பது நியாயமான தேர்வு.

கிட் வருவதற்கு முன்பே செய்து முடிக்க வேண்டிய வேலை ஒன்று உண்டு. இருபது ஆண்டுகள் கடற்காற்றில் நின்ற செடானில் துரு முதலில் வெளியே தெரியாது. கதவுக்குக் கீழே ஓடும் ரன்னிங் போர்டு உள்ளே கூடான பெட்டி போன்றது. அதற்குள் இறங்கும் நீர் வழிந்தோட அடியில் சிறு துளைகள் உண்டு. மண்ணும் உப்பும் சேர்ந்து அந்தத் துளைகள் அடைபட்டால், தகடு உள்ளிருந்து வெளியே அரிக்கும். காரைத் தூக்கி வைத்து, துளைகளைக் குத்தித் திறந்து, ஸ்க்ரூடிரைவர் பிடியால் அடிவிளிம்பைத் தட்டிப் பார்த்தால், மந்தமான ஓசை வரும் இடம் அரித்த இடம். துருவை வெட்டி எடுத்துப் புதுத் தகடு வெல்டிங் செய்யும் டிங்கரிங் வேலை இந்தக் கட்டத்திலேயே முடிய வேண்டும். அரித்த தகட்டின் மேல் ஸ்கர்ட் மாட்டினால் காரின் நோய் கண்ணுக்கு மறைந்துவிடும், உள்ளே வளரும். ஓர் ஆண்டு கழித்து ஸ்கர்ட்டோடு சேர்ந்து தகடும் பெயர்ந்து வரும். பழைய காரை நேசிப்பவர் பணத்தை முதலில் செலவழிக்க வேண்டிய இடம் இதுவே. கிட்டுக்குப் பணம் மிஞ்சாவிட்டாலும் பரவாயில்லை.

உயரம் பற்றிய கணக்கும் முன்கூட்டியே போட வேண்டியது. இந்திய சாலைப் பேரவையின் அளவுப்படி வேகத்தடை 10 சென்டிமீட்டர் உயரமும் 3.7 மீட்டர் அகலமும் கொண்டு மெல்ல ஏறி இறங்க வேண்டும். தெருக்களில் இருப்பவை பல, குறுகிச் செங்குத்தாக எழுபவை. வீட்டுவாசலில் வாய்க்காலைத் தாண்டி ஏறும் சாய்தளம் அவற்றையும்விடச் செங்குத்து. பம்பரின் கீழ் விளிம்பு தரையிலிருந்து 20 சென்டிமீட்டரும், முன் டயர் தரையைத் தொடும் இடத்திலிருந்து 75 சென்டிமீட்டரும் இருந்தால், கார் உரசாமல் ஏறக்கூடிய சரிவு ஏறக்குறைய 15 பாகை. 7 சென்டிமீட்டர் கீழிறங்கி 5 சென்டிமீட்டர் முன்னே நீளும் லிப்பை மாட்டினால், அதுவே 9 பாகையாகக் குறைந்துவிடும். வாங்குவதற்கு முன் அதே அளவில் அட்டையை வெட்டிப் பம்பரின் அடியில் டேப்பால் ஒட்டி, தினம் போகும் தெருக்களிலும் வீட்டுச் சாய்தளத்திலும் ஓட்டிப் பார்த்தால் விடை தெரிந்துவிடும்.

மழையும் இந்தக் கணக்கில் சேரும். 2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோது ஒரே நாளில் 45 சென்டிமீட்டருக்கு மேல் மழை கொட்டியது. அவ்வளவு வேண்டாம், வழக்கமான ஐப்பசி மழையிலேயே தெருவில் நீர் நிற்கும். தாழ்ந்த பம்பர் அந்த நீரைத் தள்ளிக்கொண்டு போகும். அதன் அழுத்தத்தில் கிளிப்புகள் விடுபடும், நம்பர் பிளேட் கழன்று விழும். பம்பரின் பெரிய காற்றுவாய் வழியே தெறிக்கும் நீர் என்ஜினுக்குக் காற்று இழுக்கும் குழாயை எட்டாதபடி, தொழிற்சாலை வைத்த தடுப்புத் தகடுகள் திரும்ப அதே இடத்தில் ஏற வேண்டும். அதேபோல் ரேடியேட்டருக்கும் ஏ.சி. கண்டென்சருக்கும் போகும் காற்று குறையக் கூடாது. காற்றுவாய் போலத் தோற்றம் மட்டும் தந்து உள்ளே அடைத்திருக்கும் பம்பர், மே மாத வெயிலில் என்ஜின் சூட்டை ஏற்றிவிடும்.

இனி பொருத்தும் வேலை. பெயிண்ட் அடிப்பதற்கு முன்பு எல்லாத் துண்டுகளையும் ஒருமுறை வெறுமனே மாட்டிப் பார்க்க வேண்டும். இடைவெளி சரியில்லாத இடத்தில் தேய்த்தோ மேட் சேர்த்தோ சரிசெய்த பிறகே பிரைமர். ஜாக்கி வைக்கும் இடம், இழுவைக் கொக்கி, கதவு திறக்கும் வழி மூன்றும் மறையாதிருக்கின்றனவா என்று பார்ப்பதும் இப்போதே.

இங்கே பலரும் தவறவிடும் விஷயம் வெப்ப விரிவு. ஏ.பி.எஸ். பிளாஸ்டிக் இரும்பைவிட ஏறத்தாழ ஆறு, ஏழு மடங்கு அதிகம் விரியும். கறுப்பு ஸ்கர்ட் ஒன்று விடியற்காலையில் 25 பாகை செல்சியஸிலும் நடுப்பகலில் 65 பாகை செல்சியஸிலும் இருக்கிறது என்று கொண்டால், 1.8 மீட்டர் நீளத்துக்கு அது 5 மில்லிமீட்டருக்கு மேல் நீளும். அதன் பின்னால் உள்ள தகடு ஒரு மில்லிமீட்டர்கூட நீளாது. இரு முனையிலும் இறுக்கித் திருகு போட்டால், மிஞ்சிய நீளம் நடுவில் அலையாகப் புடைக்கும். இல்லையேல் திருகுத் துளையில் விரிசல் விடும். நடுவில் ஒரு திருகை மட்டும் இறுக்கமாக வைத்து, மற்றவற்றுக்கு நீள்வட்டத் துளையும் நைலான் வாஷரும் தருவதே முறை. காலையில் மாட்டினால், முனையில் ஃபெண்டரைத் தொடாமல் 3 மில்லிமீட்டராவது விட வேண்டும்.

தகட்டில் துளையிட்ட ஒவ்வோர் இடமும் துருவுக்கு வாசல். பிசிறை அரத்தால் நீக்கி, துத்தநாகப் பிரைமர் தொட்டு, பெயிண்ட் காய்ந்த பின் திருகு ஏற வேண்டும். ஸ்டெயின்லெஸ் திருகு வெறும் இரும்புத் தகட்டைத் தொட்டால், உப்பு ஈரத்தில் தகடுதான் விரைவில் அரிக்கும். பிளாஸ்டிக் குரோமெட் இடையில் இருந்தால் அந்தத் தொல்லை இல்லை. இரட்டைப் பக்க அக்ரிலிக் ஃபோம் டேப் ஒட்டும் இடத்தை ஐசோபுரோப்பைல் ஆல்கஹாலால் துடைத்து, நன்றாக அழுத்த வேண்டும். அது முழுப் பலம் பெற மூன்று நாள் ஆகும். அதுவரை தண்ணீர் பீய்ச்சிக் கழுவக் கூடாது. ஸ்கர்ட்டின் மேல்விளிம்பில் சீலன்ட் இடலாம். கீழ்விளிம்பு திறந்தே இருக்க வேண்டும். அங்கேயும் அடைத்தால் உள்ளே புகுந்த உப்புநீர் வெளியேற வழியில்லை.

பெயிண்டில் இரண்டு செய்திகள் முக்கியம். பல கார்களின் அசல் பம்பர் பாலிபுரோப்பிலீனால் ஆனது. அதற்கென உள்ள பிளாஸ்டிக் பிரைமர் இல்லாமல் அடித்த பெயிண்ட் தோலாக உரியும். இரண்டாவது, இருபது ஆண்டு வெயில் கண்ட காரின் நிறம் கம்பெனிக் குறியீட்டு நிறத்தோடு பொருந்தாது. பானெட்டும் கதவுமே ஒன்றுக்கொன்று மாறியிருக்கும். ஸ்கர்ட்டுக்குக் கதவையும் லிப்புக்கு ஃபெண்டரையும் பார்த்து நிறம் கலக்கும் பெயிண்டரே தேர்ந்தவர்.

ஸ்பாய்லரால் கார் சாலையைப் பிடித்து ஓடும் என்ற நம்பிக்கைக்கு நகருக்குள் ஆதாரம் இல்லை. நடுத்தர விங் 100 கிலோமீட்டர் வேகத்தில் தரும் கீழழுத்தம் ஆறேழு கிலோ எடை அளவு இருக்கலாம். காற்றின் விசை வேகத்தின் இருமடியாக மாறுவதால், 40 கிலோமீட்டர் வேகத்தில் அது ஒரு கிலோ அளவுதான். மேலும் லான்சர், ஐகான், ஆக்சென்ட், சிட்டி எல்லாம் முன்சக்கரத்தால் இழுக்கப்படுபவை. பின்னால் விழும் அழுத்தம் இழுவைக்கு உதவாது. விங் தோற்றத்துக்கு மட்டுமே. டிக்கி மூடியின் உள்தகட்டில் தாங்கு பட்டை வைத்துப் பொருத்துவதும், பிரேக் விளக்கை மறைக்காமல் இருப்பதும் போதும்.

சட்டம் தெளிவாகக் கோடு கிழித்திருக்கிறது. 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு, பதிவுச் சான்றில் உள்ள விவரங்கள் உற்பத்தியாளர் குறித்தவற்றிலிருந்து மாறும்படி வாகனத்தை மாற்றக் கூடாது என்கிறது. காரின் அடிப்படைக் கூறு மாறும் கட்டமைப்பு மாற்றத்தையே அது மாற்றம் என்று விளக்குகிறது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், கேரளத்திலிருந்து வந்த வழக்கில் இந்தத் தடையை உறுதிசெய்தது. அதே ஆண்டின் திருத்தச் சட்டம், அனுமதியில்லா மாற்றம் செய்யும் உரிமையாளருக்கு ஆறு மாதம் வரை சிறை, அல்லது மாற்றம் ஒவ்வொன்றுக்கும் 5,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும் விதிக்க வழிசெய்தது. பம்பருக்கு முன்னால் மாட்டும் இரும்புத் தடுப்புக் கம்பிகளை மத்திய அரசு 2017 டிசம்பரிலேயே தடுத்துவிட்டது. ஃபெண்டரை வெட்டி அகலப்படுத்துவதும், காரின் உயரத்தைக் குறைப்பதும், டயர் வெளியே துருத்துவதும் தவிர்க்க வேண்டியவை. பம்பர்மேல் ஒட்டும் சிறு லிப்பைப் பற்றியும், வேலை தொடங்கும் முன் புதுச்சேரி போக்குவரத்துத் துறையில் கேட்டுக்கொள்வதே சரி. 15 ஆண்டு கடந்த கார் ஐந்தாண்டுக்கொருமுறை பதிவைப் புதுப்பிக்க ஆய்வுக்குப் போயாக வேண்டும். எல்லை மீறிய மாற்றம் அங்கே தப்பாது. காப்பீட்டு நிறுவனத்துக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும். தெரிவிக்காத மாற்றத்தைக் காட்டி இழப்பீட்டை மறுக்க அவர்களுக்கு இடம் கொடுக்கக் கூடாது.

வேலை முடிந்து சில நூறு கிலோமீட்டர் ஓடிய பின் எல்லாத் திருகுகளையும் ஒருமுறை சோதிக்க வேண்டும். மாதமொருமுறை ஸ்கர்ட்டின் அடியில் நல்ல தண்ணீர் பீய்ச்சி உப்பைக் கழுவ வேண்டும். கழற்றிய அசல் பம்பரையும் கிளிப்புகளையும் விற்கக் கூடாது. ஆக்சென்ட்டும் ஐகானும் இப்போது உற்பத்தியில் இல்லை. மறைமலை நகர் ஃபோர்டு ஆலை 2022-இல் கார் தயாரிப்பையே நிறுத்திவிட்டது. காரை மூலத் தோற்றத்துக்குத் திருப்பும்படி அதிகாரி சொன்னாலும், விற்கும்போது வாங்குபவர் கேட்டாலும், அந்தப் பம்பருக்கு மாற்று கிடைப்பது அரிது. அதைப் பாரம் எதுவும் ஏற்றாமல், வெயில் படாத சுவரோரம் இரண்டு இடங்களில் தாங்கல் கொடுத்து வைத்தால் வளையாமல் இருக்கும்.