தொலைக்காட்சியிடம் பேசும் குழந்தைகள்



எங்கள் வகுப்பறைத் தொலைக்காட்சியின் ரிமோட்டில் மைக் பொத்தானை அழுத்தி, "விதை முளைப்பதைக் காட்டு" என்கிறார்கள் குழந்தைகள். குரல் இணையம் வழியே சென்று எழுத்தாக மாறுகிறது. அதற்கேற்ற காணொலிகள் திரையில் வருகின்றன. 2017-இல் கூகுள் குரல் தேடலில் தமிழும் சேர்ந்தது. தட்டச்சு தெரியாத இரண்டாம் வகுப்புக் குழந்தையும் இன்று தன் கேள்வியைத் தானே கேட்கலாம்.

ஆனால், திக்கிப் பேசும் குழந்தை நடுவில் நின்றால், பேச்சு முடிந்ததென்று கருவி தேடத் தொடங்கிவிடும். அப்போது மற்றவர்கள் சிரித்தால், அக்குழந்தை மறுபடி மைக்கைத் தொடாது. எனவே எல்லோரும் கேள்வியை முதலில் என்னிடம் சொல்வார்கள். அவசரமின்றிக் கேட்பேன். பிறகு விரும்பியவர் மைக்கில் பேசலாம். மற்றவர் திரையிலுள்ள எழுத்துகளைத் தேர்ந்தெடுக்கலாம். இரண்டுக்கும் ஒரே மதிப்பு.

திரையில் விழுந்த சொற்களைச் சேர்ந்து வாசிக்கிறோம். 'மழை', 'மலை' ஆகியிருந்தால் ஒலிப்புப் பயிற்சிக்கு அதுவே வாய்ப்பு. யூடியூபில் கட்டுப்பாட்டுப் பயன்முறையை இயக்கிவைப்பதும், காட்டவிருக்கும் காணொலியை முன்பே பார்த்துவிடுவதும் நம் பொறுப்பு.

நாளைய வகுப்பில், இதுவரை பேசாத ஒரு குழந்தையிடம் முதல் கேள்வியைக் கேட்டு வாங்குங்கள்.