சம்மதம் யாருடையது?



2024 டிசம்பர் 28 அன்று சென்னை உயர் நீதிமன்றம் ஓர் உத்தரவு போட்டது. அண்ணா பல்கலைக்கழக வளாகத்தில் பாலியல் வன்கொடுமைக்கு ஆளான மாணவிக்குத் தமிழக அரசு 25 லட்சம் ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்பது அதில் ஒரு பகுதி. அவருடைய தனிப்பட்ட விவரங்கள் அடங்கிய எஃப்.ஐ.ஆர். வெளியே கசிந்ததுதான் காரணம். 2019-இல் பொள்ளாச்சி பாலியல் வன்கொடுமை வழக்கிலும் இப்படித்தான் நடந்தது. காவல்துறை உயரதிகாரி செய்தியாளர்களிடம் பாதிக்கப்பட்ட பெண்ணின் பெயரைச் சொன்னார். வழக்கை சிபிஐக்கு மாற்றிய அரசாணையிலும் பெயர் இருந்தது. அன்றும் 25 லட்சம் தரச் சொன்னது உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை.

இரண்டு முறையும் தவறு அரசுத் தரப்பில் தொடங்கியது. ஆனால் விவரங்கள் ஊர் முழுக்கப் பரவியது நம் கைபேசிகள் வழியாகத்தான். 'நியாயம் வேண்டும்' என்று ஆத்திரத்தோடு எழுதி அனுப்பினாலும், கூடவே போவது அந்தப் பெண்ணின் அடையாளம்.

பாரதிய நியாய சன்ஹிதாவின் 72-ஆவது பிரிவின்படி இப்படி அடையாளத்தை வெளியிடுவது 2 ஆண்டு வரை சிறைத் தண்டனைக்குரிய குற்றம். 2018-இல் நிபுண் சக்சேனா வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் கறாராகச் சொன்னது: பெயர் மட்டுமல்ல, ஆளைக் கண்டுபிடிக்க உதவும் எந்தத் தகவலும் வெளிவரக் கூடாது.

அம்பத்தூரில் ஒரு விழிப்புணர்வுக் கூட்டம் நடப்பதாக வைத்துக்கொள்வோம். 'பெயர் வேண்டாம். எஸ்டேட்டில் தையல் வேலை, கணவர் ஆட்டோ ஓட்டுகிறார், இரண்டு பெண் குழந்தைகள், போன தீபாவளி சமயத்தில் தீக்காயம்' என்று பேச்சாளர் சொல்கிறார். ஒரே கம்பெனி வேனில் போய்வருகிறவர்களுக்கு இவ்வளவு போதும். முகத்தை மங்கலாக்கிய வீடியோவிலும் குரல் காட்டிக்கொடுக்கும். பின்னால் தெரியும் ஆவடித் தெருவோ பூந்தமல்லிக் கடையோ காட்டிக்கொடுக்கும்.

அப்படியானால் பேசவே கூடாதா? பேசாமல் எந்தச் சட்டமும் வந்துவிடவில்லை. ராஜஸ்தானில் குழந்தைத் திருமணத்தைத் தடுக்க முயன்றதற்காக 1992-இல் கூட்டு வன்கொடுமைக்கு ஆளானவர் பன்வாரி தேவி. அவர் தன் பெயரை மறைக்கவில்லை. அவருக்கு நேர்ந்ததை ஒட்டித்தான் 1997-இல் பணியிடப் பாலியல் தொல்லை பற்றிய விசாகா தீர்ப்பும், பின்னர் 2013-இன் பணியிடப் பாதுகாப்புச் சட்டமும் வந்தன. 10 பேர் வேலை செய்யும் அம்பத்தூர்ப் பட்டறையிலும் இன்று புகார்க் குழு இருந்தாக வேண்டும் என்றால், அதற்கு வேர் அவர்தான். 2000-இல் அவர் வாழ்க்கை 'பவண்டர்' என்று படமாகவும் வந்தது. ஆனால் 1995-இல் கீழ் நீதிமன்றம் குற்றம்சாட்டப்பட்டவர்களை வன்கொடுமைக் குற்றத்திலிருந்து விடுவித்தது. மேல்முறையீடு 20 ஆண்டுகள் தாண்டியும் முடியவில்லை. பயிற்சி வகுப்புகளில் அவரைப் பற்றிப் பேசுகிறவர்கள் இந்தப் பாதியையும் சொல்வதுதான் முறை.

வன்கொடுமைக்கு ஆளான கொல்கத்தாவின் சூசெட் ஜோர்டன் 2013-இல் தன் பெயரைத் தானே வெளியிட்டார். எப்போது, யாரிடம் என்பதை முடிவு செய்ததும் அவரே. எந்தப் பிரசாரத்துக்கும் அளவுகோல் இதுவாகத்தான் இருக்க முடியும்.

சம்மதப் படிவத்தில் கையெழுத்து வாங்குவது சுலபம். தங்க இடமும் வழக்கறிஞரும் தந்த அமைப்பே கேமரா முன்னால் உட்காரச் சொன்னால், 'மாட்டேன்' என்று அந்தப் பெண்ணுக்கு எப்படி வாய் வரும்? உதவி செய்கிறவர் ஒருவராகவும் சம்மதம் கேட்கிறவர் வேறொருவராகவும் இருக்க வேண்டும். மறுத்தாலும் உதவி நிற்காது என்பதை முதலிலேயே சொல்லிவிட வேண்டும். இன்று சரி என்றவர், மகளுக்கு வரன் பார்க்கும் காலத்தில் வேண்டாம் என்று நினைக்கலாம். சுவரொட்டியைக் கிழித்துவிடலாம், வாட்ஸ்ஆப்பில் போனது திரும்பி வராது என்பதும் கையெழுத்துக்கு முன்பே அவருக்குத் தெரிய வேண்டும்.

யாருடைய கதையும் கிடைக்காவிட்டாலும் கூட்டம் வெறுமையாகிவிடாது; சொல்ல வேண்டிய செய்திகள் உண்டு. மகளிர் உதவி எண் 181. எந்தக் காவல் நிலையத்திலும் புகார் கொடுக்கலாம். எங்கள் எல்லை இல்லை என்று ஆவடியிலிருந்து அம்பத்தூருக்குத் திருப்பி அனுப்பக் கூடாது. வன்கொடுமைக்கும் அமில வீச்சுக்கும் ஆளானவர்களுக்குத் தனியார் மருத்துவமனையும் உடனே இலவசமாகச் சிகிச்சை தர வேண்டும் என்கிறது சட்டம்.