மிதிவண்டியில் ஓர் ஆற்றுப்படை: கியோட்டோ நகரின் தெருக்களும் பெயர்களும்

(இலக்கிய வட்டத்தின் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



பத்துப்பாட்டில் செம்பாதி ஆற்றுப்படை நூல்கள். திருமுருகாற்றுப்படை, பொருநராற்றுப்படை, சிறுபாணாற்றுப்படை, பெரும்பாணாற்றுப்படை, கூத்தராற்றுப்படை என்னும் மலைபடுகடாம் ஆகிய ஐந்துக்கும் அடிப்படை ஒன்றே. முன்னே சென்று வந்தவர், பின்னே செல்லவிருப்பவருக்கு வழி உரைக்கிறார். பாட்டுடைத் தலைவனின் புகழ் பாட வந்த நூல்கள்தாம் அவை. ஆயினும் வழியிலுள்ள ஊர்களும் ஆறுகளும் உணவும் மக்களும் அவற்றில் பெற்ற இடம் பெரிது. ஓர் ஊரை அறிவதற்கு அதன் வழியை அறிந்தவர் ஒருவர் துணை வேண்டும் என்பது தமிழ்க் கவிதை நெடுங்காலமாக அறிந்த உண்மை.

அவ்வுண்மைக்கு இன்று எடுத்துக்காட்டாக நிற்பது, ஜப்பானின் பழைய தலைநகரான கியோட்டோவில் வழிகாட்டியின் பின்னே மிதிவண்டியில் செல்லும் சுற்றுலா. ஏழெட்டுப் பேர், ஒருவர் பின் ஒருவராக, சாலையின் இடப்புறம் ஒதுங்கிச் செல்வார்கள். முன்னே வழிகாட்டி. பேருந்தில் செல்பவருக்குத் தெருக்கள் கண்ணாடிக்கு வெளியே ஓடி மறைகின்றன. நடப்பவருக்கு ஒரு நாளில் நான்கு தெருக்களுக்கு மேல் கிட்டுவதில்லை. நகரின் முழு அமைப்பையும் ஒரே நாளில் உடலால் உணர்வதற்கு மிதிவண்டியின் வேகமே பொருந்துகிறது.

கியோட்டோ திட்டமிட்டுக் கட்டப்பட்ட நகரம். 794-ஆம் ஆண்டில் கன்மு பேரரசர் தம் தலைநகரை அங்கே மாற்றினார். ஹெயான்-கியோ என்பது அன்றைய பெயர். சீனத்துத் தாங் பேரரசின் தலைநகரான சாங்கானைப் பார்த்து வகுக்கப்பட்டது. கிழக்கு மேற்காக ஏறத்தாழ 4.5 கிலோமீட்டர், தெற்கு வடக்காக 5.2 கிலோமீட்டர், அதற்குள் ஒன்றையொன்று செங்குத்தாக வெட்டும் தெருக்கள், தெருக்களுக்கு இடையே பக்கத்துக்கு 120 மீட்டர் அளவுள்ள சதுர மனைகள். நடுவே சுசாக்கு பெருவீதி, 80 மீட்டருக்கும் மேல் அகலமுடையது. அப்பெருவீதியின் வடமுனையில் அரண்மனை வளாகம். தென்முனையில் ராஷோமோன் என்று இன்று உலகறிந்த நகர்வாயில்.

நகரை முறையாக அறிய விரும்பும் வழிகாட்டி அந்தத் தென்முனையில்தான் பயணத்தைத் தொடங்குவார். தோஜி கோயிலுக்கு மேற்கே, சிறுவர் விளையாடும் சின்னஞ்சிறு திடல் ஒன்றில், கம்பி வேலிக்குள் ஒரு கல் நிற்கிறது. ராஷோமோன் இருந்த இடம் இது என்பதற்கு அக்கல் மட்டுமே அடையாளம். வாயில் 816-இல் புயலில் சாய்ந்தது, மீண்டும் எடுத்தார்கள், 980-இல் மறுபடியும் சாய்ந்தது. பிறகு எவரும் கட்டவில்லை. ஆனால், அகுதாகவா ரியூனோசுகே 1915-இல் எழுதிய சிறுகதையிலும், அகிரா குரோசாவா 1950-இல் எடுத்த திரைப்படத்திலும் அவ்வாயில் பாழ்பட்ட நிலையிலேயே நிலைபெற்றுவிட்டது. காண ஒன்றும் இல்லாத இடத்தில்தான் வழிகாட்டியின் தேவை தெரிகிறது. கோயிலைத் தானே கண்டுகொள்ளலாம். இல்லாத வாயிலைச் சொல்லத் தெரிந்தவர் சொன்னாலன்றிக் காண இயலாது.

அங்கிருந்து வடக்கே, பழைய சுசாக்கு வீதியின் போக்கை ஏறத்தாழ ஒட்டிச் செல்லும் சென்போன் தெரு வழியே மிதிக்கும்போது கால்கள் ஒரு செய்தியைச் சொல்லும். கண்ணுக்குச் சமதளமாகத் தோன்றும் நகரம் வடக்கு நோக்கி மெல்ல ஏறிக்கொண்டே போகிறது. தோஜியின் ஐந்தடுக்குக் கோபுரம் ஏறத்தாழ 55 மீட்டர் உயரம். நகரின் வடபகுதியிலுள்ள கிதாவோஜித் தெருவின் தரை, அக்கோபுரத்தின் உச்சிக்கு நிகரான உயரத்தில் இருக்கிறது என்று கியோட்டோ மக்கள் சொல்வதுண்டு. காரில் போகிறவருக்கு இது கேள்விச் செய்தி. மிதிப்பவருக்கு முழங்காலில் தெரியும் செய்தி.

சென்போனும் மருதாமாச்சியும் சந்திக்கும் இடத்தருகே இன்னொரு கல். பேரரசர் அரியணை ஏறிய தைகோகுதென் மாமண்டபம் நின்ற இடம் அது. 1177-ஆம் ஆண்டுப் பெருந்தீயில் அம்மண்டபம் எரிந்தது. அதன்பின் எழவே இல்லை. அத்தீயையும், அடுத்தடுத்து வந்த சூறைக்காற்றையும் பஞ்சத்தையும் நில நடுக்கத்தையும் கமோ நோ சோமெய் என்னும் கவிஞர், 1212-இல் எழுதிய ஹோஜோகி என்னும் சிறு உரைநடை நூலில் பதிவு செய்தார். நகரை விட்டு நீங்கி, மலைப்புறத்தில் பத்தடிச் சதுரக் குடிலில் வாழ்ந்துகொண்டு அவர் அதை எழுதினார். மண்டபம் போயிற்று, அது எரிந்த இரவை இன்றும் ஜப்பானிய மாணவர்கள் பாடமாகப் படிக்கிறார்கள்.

இந்நகரின் வரலாறு ஒரு வகையில் எரிதலின் வரலாறு. 1467 முதல் 1477 வரை நடந்த ஓனின் போரில் நகரின் பெரும்பகுதி சாம்பலாயிற்று. 1788-இல் ஒரு பெருந்தீ. 1864-இல் மற்றொன்று. புகழ்பெற்ற பொற்கோயில்கூட 1950-இல் எரிந்து, 1955-இல் மீண்டும் கட்டப்பட்டதுதான். நெடுந்தொலைவிலிருந்து வருபவர் ஆயிரத்திருநூறு ஆண்டுப் பழைமையைக் காண வருகிறார். அவர் தொடும் மரம் பெரும்பாலும் அவ்வளவு பழையதன்று. அப்படியானால் பழையது எது என்ற வினா எழுகிறது.

விடையின் ஒரு பகுதி நிஷிஜினில் கிடைக்கிறது. குறுகிய தெருக்களில் வண்டிகள் மெல்லச் செல்லும்போது, சில வீடுகளுக்குள்ளிருந்து தறியோசை கேட்கும். பட்டு நெசவுக்குப் பேர்பெற்ற பகுதி அது. நிஷிஜின் என்றால் மேற்குப் பாசறை என்று பொருள். ஓனின் போரில் மேற்குப் படையின் தலைவரான யமனா சோசென் பாளையம் இறங்கிய இடம் அது. போர் ஓய்ந்தபின் சிதறியோடிய நெசவாளர் திரும்பி வந்து அங்கே தறி பூட்டினர். நகரை அழித்த படையின் பெயர், அந்நகரின் மிக நுண்ணிய பட்டுக்குப் பெயராயிற்று.

அங்கிருந்து கிழக்கே பழைய பேரரசர் அரண்மனையைச் சூழ்ந்த பூங்கா. அகன்ற பாதைகளில் சரளைக் கல் கனமாகப் பரப்பியிருக்கிறார்கள். சரளையில் சக்கரம் புதையும். ஆகவே நாள்தோறும் அவ்வழியே பள்ளிக்கும் வேலைக்கும் செல்பவர்கள், முன்னே போனவர் தடத்திலேயே தம் சக்கரத்தையும் செலுத்திச் செலுத்தி, ஒரு கை அகலமுள்ள வழுவழுப்பான கோடு ஒன்றை உண்டாக்கிவிட்டார்கள். எதிரே ஒருவர் வந்தால் யாரேனும் ஒருவர் சரளையில் இறங்க வேண்டும். 1869-இல் பேரரசர் தோக்கியோவுக்குச் சென்றபின், பிரபுக்களின் மாளிகைகளும் அகற்றப்பட்டுப் பூங்காவான இடம் அது. அதில் மக்கள் தம் சக்கரங்களால் இட்ட கோட்டை எந்தக் கட்டடக் கலைஞரும் வரைந்து தரவில்லை.

இனித் தெற்கே இறங்குமுகம். மிதியை நிறுத்தினாலும் வண்டி தானே ஓடும். இங்கே வழிகாட்டி ஒரு மொழிப்பாடம் நடத்துவார். கியோட்டோவின் மைய நகரில் முகவரி என்பது எண்ணால் ஆவதன்று. அது ஒரு வினைச்சொல். இரு தெருக்கள் சந்திக்கும் இடத்தைச் சொல்லி, அங்கிருந்து வடக்கே எனில் 'அகாரு', அதாவது ஏறுக. தெற்கே எனில் 'சாகாரு', இறங்குக. கிழக்கே அல்லது மேற்கே எனில் 'இரு', நுழைக என்று சொல்வார்கள். தமிழ்ச் செவிக்கு 'இரு' என்பது நிற்கச் சொல்வதாகப் படும். அங்கே அது உள்ளே போகச் சொல்கிறது. மாநகராட்சி மன்றத்தின் முகவரியே 'தெராமாச்சித் தெருவில் ஓஇகேயிலிருந்து ஏறுக' என்றுதான் தொடங்குகிறது. அரண்மனை இருக்கும் வடதிசை மேல் என்பது மரபு. நிலமும் அத்திசையில் உயர்கிறது. அதைக் காலையில் மிதித்து ஏறியவருக்கு எவரும் விளக்க வேண்டியதில்லை. ஒவ்வோர் அஞ்சல் உறையும் ஓர் ஆற்றுப்படை வரியைச் சுமந்து செல்கிறது எனலாம்.

இத்தெருக்களின் பெயர்களைக் குழந்தைகள் ஒரு பாட்டாகப் பாடுவார்கள். மருதாமாச்சி தொடங்கித் தெற்கே வரிசையாக வரும் கிழமேற்குத் தெருக்கள் ஒவ்வொன்றின் பெயரையும் முதலசை ஈரசையாக நறுக்கிக் கோத்த பாட்டு அது. பந்து தட்டி விளையாடும்போது பாடியது. வழிதவறிய சிறுவன் எந்தத் தெருவில் நிற்கிறான் என்று தெரிந்தால், பாட்டை முணுமுணுத்தபடியே வீடு சேர்ந்துவிடலாம். பேரரசரின் திட்டத்தையும் நூற்றாண்டுகளின் தீயையும் கடந்து, நகரின் வரைபடத்தைப் பந்து தட்டும் சிறுமியர் நாவில் ஏற்றி வைத்திருக்கிறார்கள்.

தெருவுக்கு இத்தனை மதிப்பு ஏன் என்பதற்கும் காரணம் உண்டு. பிறநகரங்களில் நான்கு தெருக்களுக்கு நடுவே அடங்கிய மனைத்தொகுதியே ஒரு வட்டாரம், தெரு எல்லைக்கோடு. கியோட்டோவின் நடுவூரில், ஒரு தெருவின் இருபுறமும் எதிரெதிரே நோக்கியிருக்கும் வீடுகள் சேர்ந்ததே ஒரு வட்டாரம். தெரு அங்கே பிரிப்பதில்லை. முற்றம்போல் நடுவே கிடக்கிறது. வீடுகள் முகப்பில் குறுகி, மர அழி வைத்து, உள்ளே நீண்டுகொண்டே போகும். விலாங்கின் படுக்கை என்று அவ்வமைப்புக்குப் பெயர். உள்ளே ரேழிபோல் நீளும் பாதை. இடையில் வெளிச்சத்துக்கென ஒரு குறுமுற்றம். மச்சியா எனப்படும் இவ்வீடுகள் 2016-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் ஏறத்தாழ 40,000 எஞ்சியிருந்தன. அதற்கு முந்தைய ஏழாண்டுகளில் 5,000-க்கும் மேற்பட்டவை மறைந்துவிட்டன.

ஜூலை மாத கியோன் விழாவில் உலா வரும் தேர்களும் இவ்வட்டாரங்களுக்கு உரியவையே. தகா-யமா என்னும் தேர் 1826-இல் மழைப்புயலில் சேதமுற்று உலாவிலிருந்து விலகியது. 1864-இன் தீயில் அதன் பெரும்பகுதி அழிந்தது. தப்பிய மூன்று திருவுருவங்களை மட்டும் அவ்வட்டாரத்தார் விழாதோறும் எடுத்து வைத்துக் காத்தார்கள். 2022-இல் தேர் மீண்டும் உலா வந்தது. இடைவெளி 196 ஆண்டுகள். ஏழெட்டுத் தலைமுறையினர், தாம் கண்டிராத தேரின் பெயரை விடாமல் சொல்லி வந்திருக்கிறார்கள்.

இன்னும் தெற்கே சாகாய்மாச்சித் தெருவில் வழிகாட்டி இறங்கிக் காட்டும் கல் ஒன்று உண்டு. யூகாவோ என்பவளின் கல்லறை என்று அது சொல்கிறது. பதினோராம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முராசாகி ஷிகிபு எழுதிய கெஞ்சியின் கதையில் வருபவள் அவள். எளியவர் வாழும் தெருவில், மாலையில் மலரும் வெள்ளைச் சுரைப்பூவின் பெயரால் அறியப்பட்டு, இளவயதில் மடிபவள். பிறக்கவே பிறக்காத ஒருத்திக்குக் கல்லறை! அவ்வட்டாரத்தின் பெயரே யூகாவோ. அரியணை மண்டபத்துக்கும் ஒரு கல். கற்பனை மகளுக்கும் ஒரு கல். இரண்டுக்கும் முன்னால் வண்டிகள் ஒரே மாதிரி நிற்கின்றன.

அவள் வாழ்ந்ததாகச் சொல்லப்படும் கோஜோ தெரு இன்று மட்சுபாரா என்ற பெயருடன் சற்றுத் தள்ளி ஓடுகிறது. பதினாறாம் நூற்றாண்டின் இறுதியில் ஹிதேயோஷி பாலத்தைத் தெற்கே மாற்றியபோது பெயரும் பாலத்தோடு போய்விட்டது. இன்றைய கோஜோ பெருஞ்சாலையில் நின்று பழங்கதையைத் தேடுபவர் தவறான இடத்தில் நிற்கிறார். வழிகாட்டி இல்லையேல் இது தெரியாது.

அந்த அகலச் சாலைக்கும் ஒரு கதை உண்டு. கியோட்டோ போர் தீண்டாத நகரம் என்பார்கள். அணுகுண்டு வீசும் பட்டியலிலிருந்து அமெரிக்கப் போர்த்துறைச் செயலர் ஸ்டிம்சன் 1945-இல் அதன் பெயரை நீக்கியது உண்மை. ஆனால் அவ்வாண்டிலேயே ஜனவரியில் உமாமாச்சியிலும் ஜூனில் நிஷிஜினிலும் குண்டுகள் விழுந்து உயிர்கள் போயின. தீ பரவாமலிருக்க இடைவெளி வேண்டுமென்று கோஜோ, ஓஇகே, ஹொரிகாவா தெருக்களின் ஓரத்து வீடுகளை அரசே இடித்தது. இன்று மரங்கள் நிழல்தரும் அச்சாலைகளின் அகலம், குடியிருந்தவர்களின் வீடுகள் இருந்த அகலம்.

கவிஞர்கள் கூடிய அவையில் இவற்றையெல்லாம் சொல்வதற்குக் காரணம் உண்டு. 1962-ஆம் ஆண்டில் ஜப்பான், முகவரிகளை எண்வரிசைப்படி ஒழுங்குபடுத்தச் சட்டம் இயற்றியது. பல நகரங்களில் பழைய இடப்பெயர்கள் அதனால் அழிந்தன. அஞ்சல் விரைந்து சேர்ந்தது. ஆனால் பெயருக்குள் இருந்த நினைவு சேரவில்லை. கியோட்டோ தன் மைய நகரில் அம்முறையை ஏற்கவில்லை. அதனால்தான் இன்றும் அங்கே ஒரு வழிகாட்டி, வாயில் இல்லாத இடத்தில் வாயிலையும், பாசறை இல்லாத இடத்தில் பாசறையையும் காட்ட முடிகிறது. 2007-இல் அந்நகரம் கட்டடங்களின் உயரத்தைக் கடுமையாகக் குறைத்து விதி செய்தது. அது கண்ணில் படும் காவல். பெயர்களைக் காத்தது கண்ணில் படாத காவல். ஆயினும் எரிந்த நகரம் ஒவ்வொரு முறையும் தன் பழைய இடத்திலேயே எழுந்து நிற்க அதுவே துணை செய்தது.

மரமும் ஓடும் காப்பது தச்சருக்கும் அரசுக்கும் உரிய பணி. பெயரையும் வினையையும் காப்பது மொழியைக் கையாளுவோரின் பணி. பத்தாண்டு நிறைவு காணும் இவ்வட்டத்தின் உறுப்பினர் ஒவ்வொருவரும் தம் ஊரில் ஒரு தெருவையேனும் எடுத்துக்கொண்டு, அதன் பழம்பெயரையும் அப்பெயர் வந்த வழியையும் முதியோரிடம் கேட்டு எழுதி வைப்பாராயின், அடுத்து வரும் பத்தாண்டுக்கு அது தக்க பணியாகும். அதற்கு மிதிவண்டி ஒன்றும், கேட்கும் செவியும் போதும்.