பண்ணையாளும் பண்ணையாரும்

(தொழிலாளர் படிப்பகம் ஒன்றில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



மொழியைப் பற்றிப் பேச நான் பண்டிதனல்ல. எஸ்.எஸ்.எல்.சி.யோடு பள்ளிக்கூடத்துக்குக் கும்பிடு போட்டவன். ஆனால் நோட்டீசு எழுதி எழுதி, எந்தச் சொல் வெட்டும், எது மழுங்கும் என்று கொஞ்சம் தெரியும்.

பண்ணையாள், பண்ணையார். கடைசி எழுத்து ஒன்றுதான் வித்தியாசம். அதற்குள் ஒரு கிராமமே அடங்கும்!

'வந்தார்' என்பது இலக்கணப்படி பலர்பால். ஒருவர் வந்தாலும் பலர் வந்ததாகச் சொல்வது மரியாதை. இதற்கு வழுவமைதி என்று பெயர். அதாவது, தப்புத்தான், போகட்டும் என்று விட்டுவிட்டார்கள். இந்தச் சலுகை யாருக்குக் கிடைத்தது? வயலில் ஐம்பது பேர் குனிந்து நின்றாலும் ஒவ்வொருவரும் 'வந்தான்', 'வந்தாள்'தான். வரப்பில் குடைபிடித்து நின்ற ஒருவர் மட்டும் பலர்! (சிரிப்பு)

அந்த மரியாதையைத் திருப்பிப் போடவும் நம்மவர்களுக்குத் தெரியும். கூட்டத்துக்குப் பிந்தி வருகிறவனை 'வாங்க துரை!' என்கிறோம். எழுதி வைத்தால் மரியாதைதான். குரல்தான் அதைக் கவிழ்க்கிறது. நேரே ஏச முடியாத இடத்தில் இந்த வித்தைதான் மூச்சுவிட வழி.

'கதை அளக்கிறான்', 'கயிறு திரிக்கிறான்' என்கிறோம். இரண்டும் பொய்யைக் குறிப்பவை. இரண்டும் கைவேலையிலிருந்து வந்தவை. அளப்பதற்கும் பொய்க்கும் என்ன உறவென்று பண்டிதர்கள் ஆராயட்டும். களத்தில் மரக்கால் யார் கையில் இருந்தது என்று நமக்குத் தெரியும்! (சிரிப்பு)

சொல்லின் பொருளில் சோறும் இருக்கிறது. 1952-ல் தஞ்சை மாவட்டத்துக்கென்று பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. நினைத்தபோது ஆளை விரட்டுவதற்குத் தடை வந்தது. ஏவுவதற்கு மட்டும் இருந்த சொல் உரிமை கேட்கும் சொல்லாயிற்று. உடனே நிலக்காரர்கள் பலர், 'இவன் என் பண்ணையாளே அல்ல, தினக்கூலி' என்றார்கள். அதுவரை அந்தப் பெயரை வைத்தே அதட்டியவர்கள்தான்! பெயரைப் பறித்தால் பாதுகாப்பும் போய்விடும் என்று அவர்களுக்குத் தெரியாதா?

ஒரு சமயம், 'ஊதியக் குறைப்பினை வன்மையாகக் கண்டிக்கின்றோம்' என்று நோட்டீசு எழுதி, நடவுக்குப் போகும் ஒரு பாட்டியிடம் படித்துக் காட்டினேன். முழுவதும் கேட்டுவிட்டு, "வயித்தில அடிக்கிறான்னு சொல்லேன் தம்பி. அதுக்கு ஏன் இம்புட்டு?" என்றாள். என் வரியை அடித்துவிட்டு அவள் சொன்னதையே எழுதினேன். அச்சகத்தில் கம்பாசிட்டர் 'வயிற்றில்' என்று திருத்தட்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்றேன்.