நோட்டீசை அரிசி டின்னுக்குள் வைக்காதீங்க

(கூட்டமைப்பின் மாதாந்திரக் கூட்டத்தில் கள ஒருங்கிணைப்பாளர் பேசியதன் எழுத்து வடிவம்)



போன மாசக் கூட்டம் முடிஞ்சு கிளம்பும்போது ஓர் அக்கா என்னை ஓரமாகக் கூப்பிட்டு, "வீட்டுக் கதவுல பேங்க்காரங்க பேப்பர் ஒட்டிட்டாங்கம்மா, மானமே போச்சு" என்று அழுதார். வீட்டுப் பத்திரத்தை அடமானம் வைத்து ஒரு கூட்டுறவு நகர வங்கியில் தறி போடக் கடன் வாங்கியிருக்கிறார்கள். வீட்டுக்காரருக்கு உடம்பு முடியாமல் போக, தவணை நின்றுவிட்டது. "இதுக்கு முன்னாடி ஏதும் தபால் வந்துச்சாக்கா?" என்று கேட்டேன். வந்திருக்கிறது. கையெழுத்துப் போட்டு வாங்கி, மாமியார் பார்த்தால் சண்டை வரும் என்று அரிசி டின்னுக்குள் வைத்துவிட்டார். எடுத்துப் பார்த்தால், 4 மாதத்துக்கு முந்தைய தேதி!

அந்தத் தபால்தான் முக்கியம். 2002-ல் வந்த சர்ஃபாசி சட்டப்படி, வங்கி கோர்ட்டுக்குப் போகாமலே அடமானச் சொத்தைக் கையகப்படுத்தலாம். கூட்டுறவு வங்கிக்கும் இது பொருந்தும் என்று 2020 மே மாதம் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் முதலில் 60 நாள் நோட்டீஸ் கொடுத்தாக வேண்டும். அதற்குள் நாம் எழுத்தில் ஆட்சேபணை கொடுத்தால், வங்கி 15 நாளில் பதில் சொல்லணும். கட்டிய பணத்தை வரவு வைக்கவில்லையா, வட்டிக் கணக்கு தப்பா, எல்லாம் அப்போதே எழுதலாம். வாயால் மேனேஜரிடம் சொன்னது கணக்கில் வராது. உண்மையிலேயே விவசாயம் நடக்கிற நிலத்தை இந்தச் சட்டத்தில் எடுக்க முடியாது, அதையும் எழுதுங்க. ஜாமீன் கையெழுத்துப் போட்டவங்களுக்கும் இதே நோட்டீஸ் வரும். "நான் வாங்கலையே" என்று தூக்கிப் போட்டுடாதீங்க.

கதவில் ஒட்டிய பிறகும் வழி இருக்கு. 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனு போடணும். சென்னை, கோவை, மதுரையில் இருக்கிறது. முன்பு பாக்கியில் 75 சதவீதம் கட்டினால்தான் மனுவையே எடுப்பாங்க. 2004-ல் உச்சநீதிமன்றம் அதை ரத்து செய்தது. நேரா ஹைகோர்ட்டில் ஸ்டே வாங்கித் தர்றேன் என்று பணம் கேட்டு வர்ற புரோக்கரை நம்பாதீங்க. தீர்ப்பாயம் இருக்கும்போது ஹைகோர்ட் சாதாரணமாகத் தலையிடக் கூடாது என்று 2010-லேயே தீர்ப்பு வந்தாச்சு.

ஊர்ல இருக்கிற தொடக்க வேளாண்மைக் கூட்டுறவு கடன் சங்கத்துக் கடன் வேறு. அது வங்கி இல்லை. தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கச் சட்டம் 90-ஆம் பிரிவில் தாவா போடுவாங்க. விசாரணைக்குக் கூப்பிட்டால் போய் நில்லுங்க. போகாவிட்டால் ஒருதலையாக உத்தரவாகி, அடுத்து ஜப்தி வரும்.

வக்கீலுக்குப் பணம் எங்கே என்றுதான் அந்த அக்காவும் கேட்டார். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச சட்ட உதவி உண்டு. மாவட்டக் கோர்ட்டில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுத்தோம். 45-ல் 19 நாள்தான் மிச்சம். நல்லவேளை, வக்கீல் அம்மா வேகமாக வேலை பார்த்தார். இடைக்காலத் தடை கிடைத்தது.

தடை என்றால் கடன் தள்ளுபடி என்று அர்த்தம் இல்லை. பாக்கியில் ஒரு பகுதியை இரண்டு தவணையில் கட்டச் சொல்லியிருக்காங்க. முதல் தவணையை, குழுவின் உள்கடனும் தோடு விற்ற காசும் சேர்த்துக் கட்டியாச்சு. இரண்டாவது அடுத்த மாதம் 10-ஆம் தேதி. ஒரு நாள் தவறினாலும் தடை போயிடும். ஏல அறிவிப்பு வெளியாகிவிட்டால், முழுப் பணத்தோடு போனாலும் சொத்தை மீட்பது ரொம்பக் கஷ்டம்.

வியாழக்கிழமை நான் கூட்டமைப்பு அலுவலகத்தில் இருப்பேன். நோட்டீஸ் வந்தவங்க கவரோடு கொண்டு வாங்க, தபால் முத்திரைத் தேதி அதில்தான் இருக்கும். பிரிக்கப் பயமாக இருந்தால் பிரிக்காமலே கொண்டு வாங்க, சேர்ந்து பிரிச்சுப் பார்ப்போம்.