எதிராளி எழுதி வைத்த நம் கதை

(நம் சங்கத்தின் காலாண்டுக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



நம் தெருப் பிள்ளைகள் சிலர் பாளையக்காரர் போரைப் பற்றி ஆவணப்படம் எடுக்கப் போகிறார்களாம். "எதை வைத்து எழுதுவது?" என்று கேட்டார்கள். அதற்கான பதில்தான் இந்தப் பேச்சு.

தெற்கே பாஞ்சாலங்குறிச்சி, வடகிழக்கே சிவகங்கைச் சீமை. நடுவில் அருப்புக்கோட்டை, திருச்சுழி என்று நம் வானம் பார்த்த பூமி. 1801இல் இரு பக்கமும் போர். அதில் கலந்துகொண்டு, கண்டதை விரிவாக எழுதியவர் கும்பெனிப் படை அதிகாரி ஜேம்ஸ் வெல்ஷ். ஏறத்தாழ 40 ஆண்டு சேவையில் எழுதிய நாட்குறிப்பிலிருந்து தொகுத்து, 1830இல் லண்டனில் இரண்டு தொகுதிகளாக வெளியிட்டார்.

அவர் நமக்கு எதிராளி. ஆனால் அவர் எழுதியதைக் கேளுங்கள். 1795இல் அவருக்கும் சின்ன மருதுவுக்கும் பழக்கம். சிறுவயல் அரண்மனையில் காவலாளி கிடையாது, யாரும் போய் வரலாம் என்கிறார். ஈட்டி எறியவும் வளரி வீசவும் தனக்குக் கற்றுக்கொடுத்தவர் சின்ன மருதுதான் என்கிறார். ஆறே வருடத்தில் அந்த ஆசானையே வேட்டையாடும் படையில் இவரும் இருந்தார். 1801 அக்டோபர் 24இல் மருது சகோதரர்கள் திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்டார்கள்.

கோட்டை விழுந்தபின் காயம்பட்டுக் கிடந்த ஊமைத்துரையைக் காப்பாற்றியது பெண்கள். எட்டயபுரத்து ஆட்கள் தேடி வந்தபோது, துணியைப் போர்த்தி, "பிள்ளைக்கு அம்மை" என்று அழுதார்கள். வந்தவர்கள் ஓடிவிட்டார்கள். இதையும் வெல்ஷ் எழுதியிருக்கிறார்.

சின்ன மருதுவின் மகன் துரைசாமியை 15 வயதில் பினாங்குக்கு நாடு கடத்தினார்கள். 1818இல் வெல்ஷ் அங்கே அவரைச் சந்தித்தபோது, முப்பது சொச்ச வயதுக்காரர் கிழவராகத் தெரிந்தார். அடையாளமே தெரியவில்லை.

பிள்ளைகளே, இந்தப் புத்தகம் இல்லாமல் உங்கள் படம் நிற்காது. ஆனால் அதை அப்படியே நம்பவும் கூடாது. நம் ஆட்களைக் கலகக்காரர் என்கிறது. அது கும்பெனியின் சொல். அம்மை என்று அழுத அந்தப் பெண்கள் பிறகு என்ன ஆனார்கள்? நாடு கடத்தப்பட்டவர்களின் குடும்பங்கள் எப்படிப் பிழைத்தன? அவர் கேட்காத அந்தக் கேள்விகளை உங்கள் படம் கேட்கட்டும்.

அதற்கு முதல் வேலை, வீட்டுப் பெரியவர்களிடம் உட்காருங்கள். குலதெய்வக் கதை, நடுகல், கண்மாய்க்கரைப் பேச்சு எல்லாவற்றையும் கைபேசியில் பதியுங்கள். யார் சொன்னது, எந்த ஊர், என்றைக்குப் பதிந்தது என்பதையும் குறித்து வையுங்கள். கேள்விப்பட்டது வேறு, கண்டது வேறு. படத்தில் இரண்டையும் கலக்காதீர்கள்.

வெல்ஷ் அன்றன்றைக்கு எழுதி வைத்தார், அதனால் அவர் சொன்னது நின்றது. நாமும் எழுதி வைப்போம்.